எடையைக் கழித்தது யார்?

இரண்டு கைகளிலும் இரண்டு இஸ்திரிப் பெட்டிகளோடு அந்தம்மா உள்ளே வந்தபோது, ஏதோ விற்க வந்திருக்கிறார் என்றுதான் கொசுறு நினைத்தாள்.

“எங்ககிட்ட இருக்கிற துணியே கம்மி, அக்கா. அதையும் சார் சுருக்கத்தோடதான் போடுவார். அது அவருக்கு ஒரு கொள்கை.”

“விக்க வரல. புகார் கொடுக்க வந்திருக்கேன்.”

மேஜைக்குப் பின்னால் இருந்தவர் பேனாவை மூடினார். “பெட்டியைக் கீழ வெச்சிட்டு உக்காருங்க.”

“வெச்சா உக்கார முடியாது.”

சொன்னதை நிரூபிக்க அந்தம்மா இரண்டு பெட்டிகளையும் தரையில் வைத்தார். ஜன்னல் வழியே லேசாகக் காற்று வந்தது. அந்தம்மா நின்றபடியே பின்னால் சறுக்கிக்கொண்டு போய் அலமாரியில் முட்டி நின்றார். முகத்தில் ஆச்சரியம் எதுவும் இல்லை. பழகிப்போனவர்களின் அலுப்பு மட்டும் இருந்தது.

கொசுறு எழுந்துபோய் ஜன்னலைச் சாத்தினாள்.

“எடை போகுதா?” என்றார் மேஜைக்காரர்.

“போய்க்கிட்டே இருக்கு சார்.”

அவரை எல்லோரும் மீதி என்பார்கள். குறிக்கணக்கு வாரியத்தில் பல வருடம் விடைத்தாள் திருத்தியவர். எந்தக் கணக்கைக் காட்டினாலும் “மீதி எங்கே?” என்று கேட்கும் பழக்கம் அங்கே ஒட்டிக்கொண்டது, பெயரும் கூடவே ஒட்டிக்கொண்டது. வாரியத்தைவிட்டு வெளியே வந்ததும், குறிக்கணக்கால் வரும் தொல்லைகளைத் துப்பறிய இந்த அறையை வாடகைக்குப் பிடித்தார். ஒரு மேஜை, ஒரு மின்விசிறி, முன்பு இங்கே இருந்த வக்கீலிடம் தட்டச்சு செய்துகொண்டிருந்த ஒரு பெண், மூன்றும் அறையோடு சேர்ந்து வந்தன. அதனால் அவள் கொசுறு. மின்விசிறி ஓடுவதில்லை. அவள் ஓய்வதில்லை.

குறிக்கணக்கு ஒன்றும் பெரிய மர்மமில்லை. குழாய் ரிப்பேர் மாதிரி அதுவும் ஒரு தொழில். உரிமம் வேண்டும், பரீட்சை உண்டு, செய்தவர் ஒழுங்காகச் செய்தாரா என்பது அவர் போன பிறகுதான் தெரியும். முதலில் ஒரு குறி வரைய வேண்டும்: எடை என்றால் தலைகீழ் முக்கோணம், சூடு என்றால் வளைகோடு, சத்தம் என்றால் ரம்பப் பல். குறிக்குள் எவ்வளவு என்று ஓர் எண். வரைந்த பொருளில் அந்த அளவு கூடிவிடும். ஆனால் இங்கே கூட வேண்டுமானால் வேறெங்கோ கழிய வேண்டும். யாரிடமிருந்து கழிய வேண்டும் என்பதைக் குறிக்குக் கீழே வரைவார்கள். அதற்கு விலாசம் என்று பெயர்.

விலாசத்தில் ஆளின் பெயரை எழுதக்கூடாது. குளிக்க வெந்நீர் வேண்டி ஒருவர் தன் மைத்துனர் பெயரை எழுதிப் பார்த்ததில், அதே பெயர் கொண்ட அத்தனை ஆண்களுக்கும் ஒரே காலையில் பல் கிட்டிப்போனது. அதற்குப் பிறகு, ஆள் யார், என்னவாக இருக்கிறார் என்பதைத்தான் குறியால் வரைய வேண்டும் என்று சட்டம் வந்தது. வரைந்தது உண்மையாக இருந்தால் பலிக்கும்.

“எப்ப கவனிச்சீங்க?” என்றார் மீதி.

“எனக்குச் சலவைக்கடை சார். போன மழைக்காலத்துல வாடிக்கைக்காரங்க திட்ட ஆரம்பிச்சாங்க. சுருக்கம் போகலைங்கிறாங்க. பெட்டி சூடாத்தான் இருக்கு, நானும் அழுத்தித்தான் தேய்க்கிறேன். ஆனா அழுத்துறதுக்கு ஆள் வேணும்ல? ஒடம்புல எடை இருந்தாத்தானே கையில அழுத்தம்?”

“இப்போ எவ்வளவு இருக்கீங்க?”

“பக்கத்து வீட்டுல ஒண்ணாங்கிளாஸ் படிக்கிற புள்ளையும் நானும் சீசா பலகையில உக்காந்தா அவ கீழ இருக்கா.”

“உக்காந்தே பாத்துட்டீங்களா?” என்றாள் கொசுறு.

“வேற எப்படித் தெரிஞ்சுக்கறது?”

மீதி இதை ஒப்புக்கொள்வதுபோல் தலையசைத்தார். “தினமும் ஒரே அளவு போகுதா?”

“இல்ல. வெயில் நாள்ல கொஞ்சம் திரும்பி வருது. மழை பேஞ்சா மளமளன்னு போகுது. போன வாரம் மழையில என் குடை என்னைத் தூக்கிட்டுப் போச்சு சார். நான் குடையைத் தூக்கல.”

“பூஜ்யத்துக்குப் போனா என்ன ஆகும் சார்?” என்று கேட்டாள் கொசுறு.

“ஒண்ணும் ஆகாது,” என்றார் மீதி. “அதுக்குக் கீழ போனாத்தான், மேல கூரை இருக்கணும்.”

அந்தம்மா கூரையை ஒருமுறை பார்த்துக்கொண்டார்.

“வீட்டுல யார் யார்?”

“நான், அவர், அவரோட அக்கா. அவர் பஸ் ஓட்டுறார். பாவம், இந்த வருஷம் பூராவும் சாயங்காலம் ஓவர்டைம். வந்தா வாயைத் திறக்க மாட்டார். என் நாத்தனார் நீச்சல் சொல்லித் தர்றாங்க. ஆனா சார், இதைச் செஞ்சது யாருன்னு எனக்குத் தெரியும். எதிர்க்கடை மெஷின்காரர். பெரிய பெரிய சலவை மெஷின் இறக்கியிருக்கார். நான் கடையை மூடணும், அதான் அவருக்கு வேணும்.”

மீதி சட்டைப்பையிலிருந்து ஒரு சின்னக் கண்ணாடிப் புட்டியை எடுத்தார். பாதி தண்ணீர், அதில் ஒரு தக்கைத் துண்டு மிதந்துகொண்டிருந்தது. அவருடைய ஆய்வுக்கூடம் மொத்தமும் அதுதான்.

“எந்தக் கணக்கும் முழுசா வகுபடாது. கொஞ்சம் சிந்தும். எடையைக் கொண்டுபோய்க் கொட்டுற இடத்துல அக்கம்பக்கத்துல இருக்கிறதெல்லாம் லேசா கனக்கும். அங்க இந்தத் தக்கை முங்கும். வாங்க, முங்குற இடத்தைத் தேடலாம்.”

“தக்கை முங்கினா நாம கரையேறிடலாம்,” என்றாள் கொசுறு. ஒரு பெட்டியை அந்தம்மாவிடம் கொடுத்தாள். இன்னொன்றைத் தானே தூக்கிக்கொண்டு, மறு கையால் அந்தம்மாவின் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள். தெருவில் பார்த்தவர்கள் ஒரு சலவைக்காரியைக் கைது செய்து கொண்டுபோகிறார்கள் என்று நினைத்தார்கள்.

*

மெஷின்காரரின் கடை பளிங்கு மாதிரி இருந்தது. வரிசையாகச் சலவை மெஷின்கள் நின்றன. நின்றன என்று சொல்வதுகூடத் தப்பு. கடைசி மெஷின் துணி பிழியத் தொடங்கியதும் உதறிக்கொண்டு, சுவரைவிட்டுக் கிளம்பி, வாசலை நோக்கி நடக்க ஆரம்பித்தது. வேலையாட்கள் இரண்டு பேர் ஓடிவந்து அதன்மேல் ஏறி உட்கார்ந்தார்கள். உட்கார்ந்தபடியே ஒருவர் கணக்கெழுதினார், எழுத்து நடுங்கியது.

“தினமும் இப்படித்தானா?” என்று கேட்டாள் கொசுறு.

“தரை சரியில்லை,” என்றார் மெஷின்காரர் கௌரவமாக. அவருடைய வெள்ளைச் சட்டையில் ஒரு சுருக்கமில்லை. “கல்லு வெச்சுப் பாத்தாச்சு, மணல் மூட்டை வெச்சுப் பாத்தாச்சு. நேத்து ஒண்ணு தெருவுல எறங்கி மருந்துக்கடை வரைக்கும் போயிடுச்சு.”

மீதி புட்டியை வெளிச்சத்தில் பிடித்தார். தக்கை ஜாலியாக மிதந்தது. அவர் புட்டியைப் பையில் போட்டுக்கொண்டார்.

“இவர் இல்ல.”

“எப்படி சார் அவ்வளவு சீக்கிரம் சொல்றீங்க?” அந்தம்மாவுக்கு ஏமாற்றம்.

“ஒரு முழு ஆளோட எடையைத் திருடி வெச்சிருக்கிறவர், மெஷின் மேல ரெண்டு பேரை ஏன் உக்கார வைக்கணும்?”

“திருட்டா? எடையா?” மெஷின்காரர் நிமிர்ந்தார். “என்ன நெனைச்சீங்க என்னைப் பத்தி?”

“நல்ல சட்டை,” என்றார் மீதி.

“நன்றி.”

“காலர் ஓரம் கையால மடிச்சுத் தேய்ச்சது. இந்த மெஷின் எதுவும் அந்த வேலையைச் செய்யாது.”

மெஷின்காரரின் முகம் சிவந்தது. வேலையாட்கள் மேலே உட்கார்ந்தபடியே வேறெங்கோ பார்த்தார்கள்.

“அந்தச் சட்டை எனக்குத் தெரியும்!” என்றார் அந்தம்மா. “மருந்துக்கடைக்காரர் கொண்டுவந்து போடுறது. மூணாவது பொத்தான் நான் தெச்சது!”

“மருந்துக்கடைக்காரர் என் மாமா,” என்றார் மெஷின்காரர் தாழ்ந்த குரலில். “அவர் மூலமா அனுப்புவேன். தயவுசெஞ்சு வெளிய சொல்லிடாதீங்க. உங்க கடையை மூடிட்டா எனக்கு யார் தேய்ப்பாங்க?” கொஞ்சம் யோசித்துவிட்டு, “ஆனா இந்த மழைக்காலத்துல கொஞ்சம் சுருக்கம் விழுது. கவனிச்சுக்கோங்க,” என்றும் சேர்த்துக்கொண்டார்.

வெளியே வந்ததும் கொசுறு சொன்னாள்: “விரோதின்னு நெனைச்சோம். வாடிக்கையாளர். இனிமே நம்ம வாடிக்கையாளர்களையும் கொஞ்சம் சந்தேகப்படணும் சார்.”

மீதி வானத்தைப் பார்த்தார். மேற்கே கறுத்துக்கொண்டு வந்தது.

“மழை பேஞ்சா அதிகமாப் போகுதுன்னீங்கள்ல. மழை வந்தா மட்டும் கனமா இருக்க வேண்டிய பொருள் எது?”

“ஈரத்துணி,” என்றார் அந்தம்மா.

“அது தானா கனக்கும். யாரும் கணக்குப் போட வேண்டாம்.” அவர் நடையை எட்டிப் போட்டார். “உங்க வீட்டைப் பாக்கணும். மழைக்கு முன்னாடி.”

*

வீடு சரிவில் இருந்தது. தெருவே படிக்கட்டுதான், படிக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் வீடுகள் ஒன்றின் தோளில் ஒன்று சாய்ந்தமாதிரி இறங்கிப் போயின. அந்தம்மாவின் வீட்டுக்குக் கீழேயும் வரிசையாகக் கூரைகள் தெரிந்தன.

முன்னறையில் தக்கை மிதந்தது. சமையலறையில் பாதி மூழ்கியது. அந்தம்மா தண்ணீர் கொடுத்த எவர்சில்வர் டம்ளரை வாங்கிய கொசுறு, “உள்ளே என்ன ஈயமா?” என்று கேட்டாள்.

“அதான் எனக்கும் தெரியல. சமையல்கட்டுல எதைத் தூக்கினாலும் கை வலிக்குது. நான்தான் லேசாயிட்டேன், அதனால அப்படித் தெரியுதுன்னு நெனைச்சேன்.”

பின்னறைக் கதவைத் திறந்ததும் தக்கை கல் மாதிரி அடியில் போய் உட்கார்ந்தது.

அறையில் ஒரு கட்டில். கட்டிலில் நீச்சல் ஆசிரியை உட்கார்ந்து வெள்ளரிக்காய் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். விரும்பிச் சாப்பிடும் முகமாக அது இல்லை. கட்டிலின் நடு, தரையைத் தொட்டுக்கொண்டிருந்தது.

“யார் இவங்க? டயட் டாக்டரா?” என்றார் அவர்.

“துப்பறிய வந்திருக்காங்க, அண்ணி.”

“என்னையா?”

“நீங்க எப்போலேர்ந்து கனக்க ஆரம்பிச்சீங்க?” மீதி நேராகக் கேட்டார்.

நீச்சல் ஆசிரியை வெள்ளரிக்காயைக் கீழே வைத்தார். இதை யாராவது கேட்க மாட்டார்களா என்று வெகுநாளாகக் காத்திருந்தவர் போலிருந்தது. “போன மழைக்காலத்துலேர்ந்து. ஒரு வேளை சோறு விட்டேன். ரெண்டு வேளை விட்டேன். இப்போ இதுதான் சாப்பாடு. எடை ஏறிக்கிட்டே இருக்கு. போன திங்கக்கிழமை குழந்தைங்க முன்னாடி, இடுப்பளவு தண்ணியில, நான் முங்கிட்டேன். நீச்சல் சொல்லித் தர்றவ! ரெண்டாம் வகுப்புப் புள்ளைங்க என்னை இழுத்துக் கரையில போட்டுதுங்க.”

கொசுறு மீதியின் காதருகே குனிந்தாள். “சார், மண்டையை ஒடைச்சுக்க ஒண்ணுமில்லை. தம்பி பொண்டாட்டி இளைக்கிறா, நாத்தனார் கனக்கிறாங்க. கணக்கு நேரா இருக்கு.”

அவள் குரலைத் தாழ்த்துவதில் தேர்ந்தவள் அல்ல. அந்தம்மாவுக்கும் கேட்டது. அவர் நாத்தனாரைப் பார்த்தார். அந்தப் பார்வையில் ஒரு வருடத்துச் சமையலறை முழுவதும் இருந்தது.

“அண்ணி?”

“ஏய், என்னைப் பாத்தா எடையைக் கேட்டு வாங்குறவ மாதிரியா இருக்கு?” நீச்சல் ஆசிரியையின் குரல் உடைந்தது. “உனக்கு வேணும்னா இப்பவே எடுத்துக்கோ. நான் இந்த வெள்ளரிக்காயை விட்டுத் தொலைக்கிறேன்.”

“இவங்க இல்லை,” என்றார் மீதி. “போன எடை மொத்தமும் இவங்க மேல ஏறியிருந்தா கட்டில் எப்பவோ ஒடிஞ்சிருக்கும். இவங்க மேல இருக்கிறது சிந்தினது மட்டும். சாக்கடை ஓரமா படுக்கிறவங்க மேல நாத்தம் ஏறுற மாதிரி.”

“உவமை நல்லா இருக்கு,” என்றார் நீச்சல் ஆசிரியை.

“இந்தச் சுவருக்கு அந்தப் பக்கம் என்ன?”

*

பின்பக்கம் ஓர் ஆள் நடக்கும் அகலத்துக்கு ஒரு சந்து. ஒரு பக்கம் வீட்டின் முதுகு. மறுபக்கம் சரிவைத் தாங்கி நிற்கும் கருங்கல் தடுப்புச் சுவர், வீட்டைவிட உயரம். மேல் தெரு அதன் தலைக்கு மேல்தான் போனது. சந்தில் ஒரு துணிக்கொடி கட்டியிருந்தது. அதில் ஒரே ஒரு கைக்குட்டைதான் காய்ந்தது. கொடி அதற்கே தரைவரை தொய்ந்திருந்தது.

தடுப்புச் சுவரோரம் இருந்த தண்ணீர் டிரம்மை மீதி நகர்த்தச் சொன்னார். நகரவில்லை. நீச்சல் ஆசிரியை வந்து ஒரு சாய்ப்புச் சாய்த்ததும் நகர்ந்தது.

டிரம்முக்குப் பின்னால், சுவரில், கறுப்புச் சாயத்தில் தலைகீழ் முக்கோணம் இருந்தது. கோடுகள் அடிக்கோல் வைத்துப் போட்டமாதிரி நேராக இருந்தன. அதற்குள் எண் இருக்க வேண்டிய இடத்தில் முழுதாக மூடாத ஒரு வட்டம்.

மீதி முதல்முறையாக உச்சுக்கொட்டினார். “மூடாத வட்டம். ‘தேவையான அளவு’ன்னு அர்த்தம்.”

“சமையல் குறிப்புல உப்புக்குப் போடுவாங்களே, அதுமாதிரியா?” என்றாள் கொசுறு.

“அதேதான். வாரியத்துல இதைப் போட்டா அந்த நிமிஷமே ஃபெயில். எவ்வளவு எடுக்கணும்னு குறிக்குத் தெரியாது. கேக்குற வரைக்கும் கொடுத்துக்கிட்டே இருக்கும். பூஜ்யம் வந்தாலும் நிக்காது.” அவர் குனிந்து கீழே இருந்த விலாசத்தைப் பார்த்தார். ஒரு வீடு வரைந்திருந்தது. வீட்டுக்கு மேல் ஒரு புள்ளி. “இந்த வீட்டுத் தலை.”

முதல் தூறல் விழுந்தது.

“வீட்டுத் தலைன்னா அவர்தான்!” என்றார் அந்தம்மா. குரலில் சட்டென்று ஒரு பயம். தன் எடைக்காக இதுவரை அந்தக் குரல் அவ்வளவு பயந்ததில்லை. “வீட்டு வரி ரசீதுல அவர் பேர்தான் இருக்கு. யாரோ அவரைத்தான் குறி வெச்சிருக்காங்க. என் மேல தவறி விழுந்திருக்கு.”

“குறி தவறாது. ரசீதும் படிக்காது,” என்றார் மீதி. “உண்மை எங்க இருக்கோ அங்க போகும்.”

எல்லோரும் அந்தம்மாவைத் திரும்பிப் பார்த்தார்கள்.

“இதுக்குப் போய் எதுக்குக் குறிக்கணக்கு?” என்றார் நீச்சல் ஆசிரியை. “என்னைக் கேட்டிருந்தா நானே சொல்லியிருப்பேனே. இந்த வீட்டுல விளக்குமாறு எங்க இருக்குன்னுகூட அவனுக்குத் தெரியாது.”

“அப்போ எழுதினது யாரு சார்? அவருக்கு யார் விரோதி?” என்றாள் கொசுறு.

“விரோதி எழுதினா ‘தலை’ன்னா எழுதுவான்? ‘மொட்டை’ம்பான், ‘கடன்காரன்’ம்பான். ஒருத்தரைத் தலைன்னு இவ்வளவு நம்பிக்கையா எழுதக்கூடிய ஆள் ஒரே ஒருத்தர்தான் இருக்க முடியும்.”

அதற்குள் தூறல் மழையானது. அந்தம்மாவின் குதிகால் தரையைவிட்டு எழுந்தது. கையில் இரண்டு இஸ்திரிப் பெட்டிகள் இருந்தும் எழுந்தது. “அண்ணி!” என்று கத்தினார். நீச்சல் ஆசிரியை பாய்ந்து அவர் இடுப்பைக் கட்டிக்கொண்டார். மூழ்குகிறவர்களைப் பிடித்து மேலே தூக்குவதுதான் அவருக்குப் பழக்கம்; மேலே போகிறவரைப் பிடித்துக் கீழே இழுப்பது இதுதான் முதல் தடவை.

“துடைச்சிடும்மா! சீக்கிரம்!” அந்தம்மா கெஞ்சினார்.

கொசுறு கொடியிலிருந்த கைக்குட்டையை இழுத்து மழையில் நனைத்தாள். குறியை நோக்கிக் கையை ஓங்கினாள்.

“துடைக்காதீங்க!”

சமையலறை வாசலில், மடக்காத குடையோடு, காக்கிச் சட்டையில் ஒருவர் நின்றார். குடை வாசலில் மாட்டிக்கொண்டது. அதை அப்படியே விட்டுவிட்டுச் சந்துக்குள் ஓடிவந்தார். கனத்த ஆள். நல்ல தொப்பை.

“துடைச்சா சுவர் இறங்கிடும்,” என்றார் டிரைவர். “எல்லாரும் போயிடுவோம். கீழ இருக்கிற வீடுங்களும்.”

அப்போதுதான் எல்லோரும் சுவரைச் சுவராகப் பார்த்தார்கள். முக்கோணத்துக்கு மேலே அது கர்ப்பிணியின் வயிறு மாதிரிப் புடைத்திருந்தது. கற்களுக்கு நடுவில் கை நுழையும் அளவுக்கு ஒரு விரிசல். விரிசலிலிருந்து சேற்றுத் தண்ணீர் வடிந்தது.

கொசுறு கைக்குட்டையை மெதுவாகத் தன் பைக்குள் போட்டுக்கொண்டாள்.

“எப்பலேர்ந்து தெரியும்?” என்றார் மீதி.

“போன மழைக்கு முன்னாடியே தெரியும் சார். நகராட்சிப் பொறியாளர் ஆபீஸ்ல நாலு தடவை சொன்னேன். பாக்கறோம்னாங்க. நிக்கறதுக்கு ஒரே வழி, சுவருக்கு எடை கூட்டணும்னு தோணுச்சு. சாயங்காலக் குறிக்கணக்குக் கிளாஸ்ல சேந்தேன்.”

“ஓவர்டைம்,” என்றார் அந்தம்மா, நாத்தனாரின் தலைக்கு மேலிருந்து.

டிரைவர் அண்ணாந்து மனைவியைப் பார்த்தார். அவர் முகம் வெளுத்தது. “நீ... நீ ஏன் மேல இருக்கே?”

“உங்க கணக்குதான்!”

“இல்லை, நான் என்னைத்தான் எழுதினேன். என் எடையைத்தான்... எனக்கு வேண்டிய அளவு இருக்கேன்ல, போனா போகட்டும்னு.” அவர் தன் தொப்பையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். “இளைக்கலையேன்னு எனக்கும் ஒரு சந்தேகம் இருந்துச்சு. நீ ஆக்கிப் போடுறது சரிக்கட்டுதுன்னு நெனைச்சேன்.”

“டேய்!” என்றார் அக்கா.

“மூணாவது பரீட்சையில ஃபெயிலா?” என்று கேட்டார் மீதி.

“ஆமா சார். வட்டத்துல.”

“தெரியுது.” மீதி கையை நீட்டிச் சாயக்குச்சியைக் கேட்டார், டிரைவர் விரிசலுக்குள் கையைவிட்டு எடுத்துக் கொடுத்தார். “குறியைத் தொட வேண்டாம். விலாசத்தை மட்டும் மாத்துறேன். மாத்துற அந்த ஒரு நொடி சுவர் தனியா நிக்கணும். அதனால முதல் தடவையே சரியா இருக்கணும். உங்களைத் தவிர யாருக்கும் பொருந்தாத ஒரு அடையாளம் சொல்லுங்க. உண்மையா இருக்கணும்.”

“இந்த வீட்டுக்காக உழைக்கிறவர்,” என்றார் டிரைவர் உடனே.

மீதி அந்தம்மாவைப் பார்த்தார். “அது திரும்ப இவங்க மேலயே போகும்.”

“வீட்டைக் காப்பாத்துறவர்...”

“அதுவும் அங்கதான் போகும்.”

“பஸ் ஓட்டுறவர்!”

“ஊர்ல எத்தனை பஸ்? அத்தனை டிரைவரும் சீட்டைவிட்டு எழும்பிடுவாங்க,” என்றாள் கொசுறு. “பின்னாடி உக்காந்திருக்கிறவங்க பாவம்.”

மழை டிரைவர் தலையில் கொட்டியது. தான் யார் என்று யோசிக்கும்படி அவரிடம் இதுவரை யாரும் கேட்டதில்லை. சுவரிலிருந்து ஒரு சிறு கல் உதிர்ந்து டிரம்மில் டங்கென்று விழுந்தது. நீச்சல் ஆசிரியையின் கால்களும் இப்போது நுனிவிரலில் நின்றன.

“மழை வந்தா எந்திரிச்சுப் போய்ச் சுவரைப் பாக்கறவர்.”

சொன்னது அந்தம்மா. மேலேயிருந்து, கொஞ்சம் மூச்சு வாங்கியபடி.

“ஒவ்வொரு மழைக்கும் சத்தம் போடாம எந்திரிச்சுப் போவார் சார். பின்கதவு திறக்கிற சத்தம் கேக்கும். கொஞ்ச நேரம் கழிச்சு நனைஞ்சுபோய் வந்து படுப்பார். சிகரெட்டு பிடிக்கப் போறார்னு நெனைச்சுக்கிட்டு நான் தூங்குற மாதிரி கெடப்பேன். இதைப் பாக்கத்தான் போயிருக்கார். அதை எழுதுங்க.”

டிரைவர் தலையைக் குனிந்துகொண்டார்.

மீதி ஒரே இழுப்பில் வீட்டையும் புள்ளியையும் அழித்தார். சுவர் அடித்தொண்டையில் ஒருமுறை முனகியது. அதற்குள் அவர் குச்சி ஓடியது: சாய்ந்த மழைக்கோடுகள், திறந்த கதவு, விழித்த கண், கண்ணுக்கு எதிரே சுவர்.

முனகல் நின்றது.

அந்தம்மா இரண்டு இஸ்திரிப் பெட்டிகளோடும் தன் முழு எடையோடும் நாத்தனார் மேல் விழுந்தார். இருவரும் சேற்றில் உட்கார்ந்தார்கள். “அப்பாடா,” என்றார் நீச்சல் ஆசிரியை, நசுங்கிய குரலில். “இதுதான்டி நீ.”

டிரைவரின் காக்கிச் சட்டை தோளில் லேசாகத் தூக்கிக்கொண்டது. அவர் தன் கால்களைப் பார்த்தார். பிறகு பெட்டிகளில் ஒன்றை மனைவி அவர் கையில் திணித்தார்.

*

வழக்கு அதோடு முடிந்தது என்று மீதி எழுதிக்கொள்ளவில்லை. அந்த விலாசம் ஒரு மழைக்குத்தான் தாங்கும். டிரைவர் தொப்பையோடு இருந்தாலும் அவரும் ஒரு ஆள்தானே.

சுவருக்குக் கம்பி கட்டிக் காங்கிரீட் போட்டது பிறகு நடந்தது. பொறியாளர், தன் அறையின் கூரையில் ஒரு பஸ் டிரைவர் முதுகு ஒட்டியபடி வணக்கம் சொன்ன பிறகுதான், கோப்பை எங்கே வைத்தோம் என்று தேடினார். கம்பியும் காங்கிரீட்டும் இறுகிய அன்று மீதி வந்து குறியைத் துடைத்தார். எல்லோருக்கும் அவரவர் எடை திரும்பியது. நீச்சல் ஆசிரியை இரண்டாம் வகுப்புப் பிள்ளைகள் முன்னால் மல்லாந்து மிதந்து காட்டினார்.

ஆனால் விலாசத்தை மாற்றிய அன்று சாயங்காலம், மழை விட்டதும், நான்கு பேரும் பொறியாளர் ஆபீசுக்குக் கிளம்பினார்கள். வீட்டைப் பார்த்துக்கொள்ள நீச்சல் ஆசிரியை இருந்துவிட்டார். படிக்கட்டுத் தெருவில் ஈரக்காற்று வீசியது. மீதியும் கொசுறும் முன்னால் இறங்கினார்கள்.

“சார், ஒரு சந்தேகம். நம்ம ஆபீசுக்குத் தலை யாருன்னு ஒரு புள்ளி வெச்சுப் பாத்தா?”

“பாக்கக்கூடாது.”

“பயமா சார்?”

“நீ கொஞ்சம் இளைச்சா நல்லதுதான்,” என்றார் மீதி. ரொம்பத் தாமதமாகத்தான் தான் என்ன ஒப்புக்கொண்டோம் என்பது அவருக்கு உறைத்தது. கொசுறு அதைக் கேட்காதது போல் மரியாதையாக வானத்தைப் பார்த்தாள்.

பின்னால் கணவனும் மனைவியும் வந்தார்கள். ஒவ்வொரு படியிலும் காற்று டிரைவரைக் கொஞ்சம் தூக்கியது. ஒவ்வொரு படியிலும் மனைவியின் கை அவரைக் கீழே இழுத்து நிறுத்தியது.

“சொல்லியிருக்கலாம்ல,” என்றார் அந்தம்மா, தெரு பாதி தாண்டிய பிறகு.

“நீ பயப்படுவேன்னு...”

“நானா?”

அதற்குப் பிறகு வழி முழுவதும் அவர் புருஷனோடு பேசவில்லை. கையையும் விடவில்லை.